மூத்தாள் பெயர்

மலைகளுக்கு நடுவே கடல் நீளமாக நுழைந்து கிடக்கிற அந்த ஃபியோர்டின் இரண்டு கரைகளிலும், ஒரு பெண்பிள்ளை பிடித்த பிடியை விடாமல் நின்றால், "இவளுக்குள்ள குன்ஹில் புகுந்துட்டா" என்பார்கள். கேட்பவர்கள் சிரிப்பார்கள். அந்தப் பிள்ளையின் அம்மா மட்டும் சிரிக்கமாட்டாள். இந்தப் பேச்சுக்கு வயது அதிகமில்லை. அதற்கு முன்னால் அதே ஊரில் அதே பெயரை நேர் எதிரான காரியத்துக்குத்தான் பயன்படுத்தினார்கள். வாய் ஓயாத பெண்ணைப் பார்த்து, "கொஞ்சம் குன்ஹில் மாதிரி இருக்கக் கத்துக்கோ" என்பார்கள். அதாவது அடங்கி இரு, குரலை உயர்த்தாதே, போட்டதைச் சாப்பிட்டுவிட்டுப் போ. ஒரு பெயருக்கு இப்படி இரண்டு குணம் வந்ததற்குக் காரணம், அதை அடுத்தடுத்து இரண்டு பேர் சுமந்ததுதான். முதலாமவள் செத்துப்போனாள். இரண்டாமவள் அவளுக்குப் பிறக்காத மகள்.

பாக்கா பண்ணை தோர்கைரின் மூத்தாள்தான் முதல் குன்ஹில். கல்யாணமாகி இரண்டு குளிர்காலம் இருந்தாள். அதற்கடுத்த குளிரில் நெஞ்சில் சளி கட்டி, பிள்ளை குட்டி இல்லாமல் போய்ச் சேர்ந்தாள். செத்தவர்களைக் குறை சொல்கிற வழக்கம் அங்கே கிடையாது என்றாலும், இவளைப் பற்றிச் சொன்னதெல்லாம் கொஞ்சம் அதிகம்தான். அவள் தட்டிய ரொட்டியைத் தூக்கிப் பிடித்தால் மறுபக்கம் ஜன்னல் வெளிச்சம் தெரியுமாம். அவள் தொழுவத்துக்குள் வந்தாலே பசு பால் சுரக்குமாம். புருஷனை எதிர்த்து ஒரு வார்த்தை பேசியதில்லையாம். அந்த இரண்டு வருஷத்தில் எதிர்த்துப் பேச அவளுக்கு என்ன சந்தர்ப்பம் வந்திருக்கும் என்று மட்டும் யாரும் யோசிக்கவில்லை.

வருஷம் திரும்பியதும் தோர்கைர் சின்னேவாவை இளையாளாகக் கட்டிக்கொண்டான். அவள் அந்தப் பண்ணையிலேயே வேலைக்காரியாக இருந்தவள். மலைக்கு அந்தப்புறம், குளிர்காலம் முழுக்க வெயில் எட்டிப் பார்க்காத சரிவில் குடிசை போட்டிருந்த ஒருவரின் மகள். அவள் எஜமானியாகி நுழைந்த அறையில் கட்டில் மூத்தாளுடையது. போர்வை மூத்தாள் நெய்தது. சுவரோரம் கிடந்த பெட்டியில் சிவப்பும் நீலமுமாகப் பூ வரைந்து, நடுவில் 'குன்ஹில்' என்று எழுதியிருந்தது. சின்னேவா தன் துணிமணியை அந்தப் பெட்டியில்தான் வைத்துக்கொண்டாள். வேறு பெட்டி இல்லை.

அவளுக்கு வயிற்றில் பிள்ளை தங்கியதும் ஊர்ப் பெண்கள் ஒருவர் பின் ஒருவராக வந்து கேட்டார்கள்.

"என்னடி, வந்தாளா?"

"வரலை."

"வருவா பாரு. பேரு கேட்டு வராம இருக்கமாட்டா."

"எதுக்கு வரணும்? கேக்காமயே குடுத்துடத்தானே போறாங்க."

இறந்தவர்கள் தங்கள் பெயரைத் தேடி அலைவார்கள், பிள்ளைத்தாய்ச்சியின் கனவில் வந்து நிற்பார்கள், பெயரைக் கொடுத்தால்தான் அடங்குவார்கள். அந்தக் கரையில் இதைச் சந்தேகப்பட்டவர் இல்லை. அதனால்தான் மனைவியைப் பறிகொடுத்தவனுக்கு இளையாள் பெறுகிற முதல் பெண், மூத்தாள் பெயரைச் சுமக்கும். பெண் பிறந்தபோது என்ன பெயர் என்று ஒருவரும் கேட்கவில்லை. தெரிந்ததுதானே.

பெயர் வைத்தார்களே ஒழிய, சின்னேவா அந்தப் பெயரைச் சொல்லி மகளைக் கூப்பிடவில்லை. "பொண்ணே" என்பாள். கோபம் வந்தால் "ஏ பொண்ணு". பிள்ளை காய்ச்சலில் அனத்தியபோதும், தலையை மடியில் வைத்துக்கொண்டு, "பொண்ணே, பொண்ணே" என்றுதான் அழுதாள். பெற்ற மகளைச் சக்களத்தி பெயரால் கூப்பிட அவள் வாய் வரவில்லை. அதை யார் தப்பு என்று சொல்வது?

வாத்தியார் ஒருநாள் பள்ளிக்கூடத்தில் எல்லாருடைய பெயருக்கும் அர்த்தம் சொன்னார். 'குன்' என்றால் பழைய பாஷையில் போர். 'ஹில்' என்றாலும் போர்தான். "ஒரு சண்டை பத்தாதுன்னு இன்னொண்ணா?" என்றான் பின்பெஞ்சுப் பையன் ஒருவன். குன்ஹில் திரும்பி அவனை ஒரு பார்வை பார்த்தாள். பிறகு எழுந்து, தன் அம்மா பெயருக்கு என்ன அர்த்தம் என்று கேட்டாள். சூரியன் கொடுத்த கொடை என்றார் வாத்தியார். அவள் வீடு வரைக்கும் ஓடிவந்து இரண்டையும் மூச்சு வாங்கச் சொன்னாள்.

"போரா?" என்றான் தோர்கைர், பூட்ஸைக் கழற்றிக்கொண்டே. "அவ ஒரு ஈயைக்கூட விரட்டமாட்டா." எதிரே நிற்கிற மகளைச் சொல்லவில்லை என்பது அவளுக்கும் தெரிந்தது, அடுப்படியில் நின்ற சின்னேவாவுக்கும் தெரிந்தது.

"உன் பேரு சூரியன் குடுத்ததும்மா" என்றாள் குன்ஹில்.

"எங்க வீட்டுப் பக்கம் அது வந்தாத்தானேடி குடுக்கறதுக்கு" என்றாள் சின்னேவா. சொல்லிவிட்டுச் சிரித்தாள். அம்மா சிரித்து அவ்வளவு அருகில் பார்த்தது குறைவு என்பதால் குன்ஹில் அதை மறக்கவில்லை.

மகள் வளர்ந்தாள். அவள் தட்டிய ரொட்டியின் வழியாக வெளிச்சம் என்ன, இடியே விழுந்தாலும் தெரியாது. அவ்வளவு தடிமன். பசு அவளைக் கண்டால் காலைத் தூக்கியது. ஆனால் படகை அவள் கையில் கொடுத்துவிட்டால் ஆண்கள் வாயடைத்துப் போவார்கள். எதைச் செய்தாலும் ஊர் ஒரே கேள்வியைத்தான் கேட்டது. "மூத்தவளா இருந்தா இப்படிச் செய்வாளா?" ஒருநாள், பதினான்கு வயதிருக்கும், அறுவடை விருந்தில் எல்லார் முன்னாலும் அவள் பதில் சொல்லிவிட்டாள். "மூத்தவளா இருந்தா செத்துல்ல கிடப்பா." தோர்கைர் எழுந்து வந்து அறைந்தான். கன்னத்தைப் பிடித்துக்கொண்டு நின்றவள் அழவில்லை. சின்னேவா விருந்துப் பாத்திரங்களை எடுக்கத் தொடங்கினாள். இரவு மட்டும் மகளின் கஞ்சியில் வெண்ணெய்க் கட்டி பெரிதாகக் கிடந்தது.

பாதி ஊர் அமெரிக்காவுக்குக் கப்பலேறிக்கொண்டிருந்த காலம் அது. குன்ஹிலின் ஒரே தம்பியும் போனான். போன இடத்தில் கல்யாணம் செய்து, பெண் பிறந்து, அதற்கு மேபல் என்று பெயர் வைத்திருப்பதாகச் செய்தி வந்தது. சின்னேவா அந்தப் பெயரை இரண்டு தடவை வாய்க்குள் சொல்லிப் பார்த்தாள். "நல்லாத்தான் இருக்கு" என்றாள். தோர்கைர் காலமானதும் பாக்கா அவனுடைய அண்ணன் மகன் கைக்குப் போனது. சின்னேவாவுக்குப் பின்பக்கம் ஓர் அறையும், ஒரு பசுவும், அந்தப் பூப்போட்ட பெட்டியும் மிஞ்சின.

குன்ஹில் எதிர்க்கரையில் நெஸ் பண்ணைக்கு வாழ்க்கைப்பட்டாள். கணவன் ஷூர் அவளோடு ஒன்றாகப் பள்ளிக்கூடம் போனவன், ஒரே நாளில் கோயிலில் திடப்படுத்தல் சடங்கு பெற்றவன். அதனால் அவனை வா, போ என்றுதான் பேசுவாள். நல்லவன். யாருக்கும் முகத்துக்கு நேரே இல்லை என்று சொல்லத் தெரியாதவன். அவனுக்கும் சேர்த்து இல்லை சொல்ல அவன் அம்மா ஹெர்போர்க் இருந்தாள். புருஷனைக் கடலுக்குக் கொடுத்த பிறகு மூன்று பையன்களையும் பண்ணையையும் ஒற்றை ஆளாக நிமிர்த்தியவள். முதல் இரண்டு பையன்களும் தனிக்குடித்தனம் போய், ஆளுக்கொரு பெண்ணைப் பெற்று, இரண்டுக்கும் ஹெர்போர்க் என்றே பெயர் வைத்திருந்தார்கள். முதல் பெண்ணுக்கு அப்பாவைப் பெற்றவள் பெயர், அடுத்ததற்கு அம்மாவைப் பெற்றவள் பெயர். இதில் பேச என்ன இருக்கிறது?

மாடி அறைச் சுவரில், தன் பெயரைச் சுமக்கப்போகிற பேத்திகளுக்கென்று, ஹெர்போர்க் மூன்று வெள்ளிக் கரண்டிகளை ஆணியில் மாட்டிவைத்திருந்தாள். குன்ஹில் மருமகளாக வந்தபோது ஒன்றுதான் தொங்கிக்கொண்டிருந்தது. அதை வாரம் ஒருமுறை சாம்பல் போட்டுத் துடைப்பாள் ஹெர்போர்க், மருமகள் வயிற்றைப் பார்த்துக்கொண்டே.

பெண் பிறந்தது பிப்ரவரிக் குளிரில். பாடுபடுத்திவிட்டுத்தான் வந்தது. இனி இன்னொன்றுக்கு ஆசைப்படவேண்டாம் என்று மருத்துவச்சி கையைத் துடைத்துக்கொண்டே சொன்னாள். அக்கம்பக்கத்துப் பெண்கள் பிள்ளை பெற்றவளுக்குப் பாலாடைக் கஞ்சி கொண்டுவந்தார்கள். ஹெர்போர்க் தொட்டிலுக்கு மேல் குனிந்து, "மூக்கைப் பாரு, அப்படியே ஹெர்போர்க்" என்றாள்.

கட்டிலில் சாய்ந்திருந்த குன்ஹில் கஞ்சிக் கிண்ணத்தைக் கீழே வைத்தாள்.

"அத்தை, இவ பேரு சின்னேவா."

"அடுத்ததுக்கு வெச்சுக்கலாம்."

"அடுத்தது இல்லைன்னு மருத்துவச்சி சொன்னப்ப நீங்களும் பக்கத்துலதானே நின்னீங்க."

"மருத்துவச்சி என்ன கடவுளா?"

"உங்க பேருக்கு ஏற்கெனவே ரெண்டு பேரு இருக்காங்க. பண்டிகைக்கு எல்லாரும் கூடி, யாராவது ஹெர்போர்க்னு கூப்பிட்டா மூணு தலை திரும்புது."

"நாலாத் திரும்பட்டுமே. உனக்கு எங்க வலிக்குது?"

"எங்கம்மா பேருக்கு ஒரு தலைகூடத் திரும்பாது அத்தை."

"உன் தம்பி வெச்சிருக்கலாமே."

"வெச்சிருக்கலாம். மேபல்னு வெச்சுட்டான்."

"அது என்ன பேரு?"

"யாருக்குத் தெரியும்? கன்னுக்குட்டிக்கு வெக்கற பேரு மாதிரி இருக்கு."

ஹெர்போர்க்குக்குச் சிரிப்பு வந்துவிட்டது. அடக்கிக்கொண்டு கட்டில் விளிம்பில் உட்கார்ந்தாள். "இங்க பாரு. நான் சாப்பிடறது இந்த வீட்டுல, படுக்கறது இந்த வீட்டுல. மத்த ரெண்டு வீட்டுல என் பேரு இருக்கு, நான் கிடக்கற வீட்டுல இல்லைன்னா ஊரு என்ன சொல்லும்? கிழவியை மருமக மதிக்கலைன்னு சொல்லும்."

"சொல்லட்டும்."

"உனக்கென்ன, நீ ஊரு வாயிலேயே வளர்ந்தவ. எனக்குப் பழக்கமில்ல."

"எனக்குப் பழக்கம்தான் அத்தை. அதனாலதான் சொல்றேன். எங்கம்மா இளையாளா வந்து, மூத்தவ கட்டில்ல படுத்து, மூத்தவ பேருக்கு ஒரு பொண்ணைப் பெத்துக் குடுத்தா. அவ பேருன்னு இந்தக் கடல் ரெண்டு கரையிலயும் எதுவும் இல்ல. செத்ததுக்கு அப்புறம் எவ கனவுலயோ போய் நின்னு பேரு பிச்சை கேக்கற நிலைமை அவளுக்கு வரக்கூடாது. உயிரோட இருக்கறப்பவே அவ போதுமான அளவுக்கு ஓரமா நின்னாச்சு."

ஹெர்போர்க் கிண்ணத்தை எடுத்துக்கொண்டு போனாள். செய்தி எப்படியோ எதிர்க்கரை போய், சின்னேவா ஆள்விட்டுச் சொல்லியனுப்பினாள்: என் பேரை வைத்து என்ன ஆகப்போகிறது, போன இடத்தில் சண்டை வேண்டாம் என்று பொண்ணிடம் சொல்லுங்கள். அதைக் கேட்டதும்தான் குன்ஹில் இனி விட்டுக்கொடுப்பதில்லை என்று தீர்மானித்தாள்.

அன்றைக்கே ஷூரைப் பிடித்தாள். அவன் தலையைச் சொறிந்தான். "அம்மாகிட்ட பேசறேன்" என்று போனான். திரும்பி வந்து, "சரின்னுட்டாங்க" என்றான்.

"அப்படியேவா?"

"அப்படியேதான். சரி சரின்னாங்க."

"ரெண்டு சரியா?"

"ரெண்டு சரி."

ஹெர்போர்க் எதற்கும் ஒரு தடவை சரி சொல்லியே குன்ஹில் கேட்டதில்லை. ஆனாலும் என்ன செய்வது? பிள்ளை பெற்றவள் ஞானஸ்நானத்துக்குப் போவதில்லை. ஆறு வாரம் கழிந்து, பாதிரியார் வாசலுக்கு வந்து கையைப் பிடித்து உள்ளே அழைத்துப் போகிற வரைக்கும் அவளுக்குக் கோயில் கிடையாது, தொழுவம் கிடையாது, அடுத்த வீடுகூடக் கிடையாது. குழந்தையைச் சுமந்து போகிற ஞானத்தாய்தான் பாதிரியாரிடம் பெயரைச் சொல்லவேண்டும். சுமந்து போவது ஹெர்போர்க். அவள் வாயில் எது வருகிறதோ அதுதான் பெயர். தலையில் தண்ணீர் விழுந்துவிட்டால் ராஜாவே வந்தாலும் மாற்றமுடியாது.

ஞாயிற்றுக்கிழமை காலை, பிள்ளையை நெய்த பட்டையால் சுற்றி, சர்க்கரை முடிந்த துணியை வாயில் கொடுத்து, ஹெர்போர்க் வாங்கிக்கொண்டாள். அவள் சட்டையில் வெள்ளிப் பதக்கம் பளபளத்தது.

"சின்னேவான்னு சொல்லணும் அத்தை."

"எனக்குக் காது நல்லாத்தான் கேக்குது" என்றாள் ஹெர்போர்க்.

பெரிய படகு எதிர்க்கரைக் கோயிலுக்குக் கிளம்பிப் போனது. வழியில் கரையோரப் பண்ணைகளில் ஆட்களை ஏற்றிக்கொண்டு சுற்றித்தான் போகும். குன்ஹில், விருந்துக்கு வரப்போகிறவர்களுக்கு பீர் ஊற்றுகிற மரக்கிண்ணத்தை எடுக்க மெல்ல மாடி ஏறினாள். கிண்ணம் இருந்தது. அதற்கு மேலே ஆணி இருந்தது. ஆணியில் கரண்டி இல்லை.

அவள் அந்த ஆணியைப் பார்த்துக்கொண்டு நின்றாள். பெயரைச் சுமக்கிற பிள்ளைக்கு மட்டுமே போகிற கரண்டி அது. கரண்டி கோயிலுக்குப் போயிருக்கிறது என்றால் பெயரும் கூடவே போயிருக்கிறது. ஆத்திரமாக வந்தது. ஏமாற்றியதற்காகக்கூட இல்லை. இவ்வளவு சுலபமாக ஏமாற்றலாம் என்று நினைத்ததற்காக.

படகுத்துறையில் சின்னப் படகு ஒன்று கவிழ்த்துக் கிடந்தது. அதைப் புரட்டித் தண்ணீரில் தள்ளும்போதே அடிவயிற்றில் ஏதோ கிழிகிற மாதிரி வலித்தது. உட்கார்ந்து துடுப்பைப் பிடித்த பிறகுதான் கம்பளிக் கையுறையை மறந்தது தெரிந்தது. திரும்பிப் போனால் மறுபடி இறங்கி வர உடம்பு ஒத்துழைக்குமா என்று அவளுக்கு நிச்சயமில்லை. அதனால் போகவில்லை.

முனை தாண்டும் வரைக்கும் கரையை ஒட்டித் துடுப்பு வலித்தாள். முனையைத் தாண்டியதும் காற்று பிடித்துக்கொண்டது. ஃபியோர்டின் வாயிலிருந்து நேராக உள்ளே அடிக்கிற பிப்ரவரிக் காற்று. அது படகை மேற்கே போகவிடாமல் உள்நாட்டுப் பக்கம் தள்ளியது. கோயில் கோபுரத்தைக் குறிவைத்து வலித்தால் கோபுரம் நகர்ந்து நகர்ந்து போனது. அதனால் அதைப் பார்ப்பதை விட்டுவிட்டு, காற்றுக்கு எதிராக வெகுதூரம் மேலே ஏறி, பிறகு இறங்கலாம் என்று படகைத் திருப்பினாள். தெறித்த தண்ணீர் பாவாடையில் விறைத்துப்போனது. தொடை நடுவே சூடாக இரத்தம் கசிவது தெரிந்தது. வீட்டில் படுத்தே கிடந்ததில் உள்ளங்கைகள் மெத்தென்று ஆகியிருந்தன. நடுக்கடலுக்கு வருவதற்குள் கொப்புளம் எழுந்து உடைந்தும் விட்டது. உப்புத் தண்ணீர் பட்டபோது பல்லைக் கடித்துக்கொண்டு மூத்தாளைத் திட்டினாள். தட்டுகிற ரொட்டி மெலிசாக இருந்தால் போதுமா, ஒரு துடுப்பு வலிக்கத் தெரியுமா உனக்கு? பிறகு அது அநியாயம் என்று தோன்றியது. அந்தப் பெண்ணும்தான் என்ன கேட்டாள்? கனவில்கூட யாரிடமும் வரவில்லை. அத்தனையும் ஊர் செய்தது. திட்டுவதை நிறுத்திவிட்டு வலித்தாள்.

கரையேறி, படகைக் கட்டிவிட்டு, மேட்டில் ஏறினாள். உள்ளே பாட்டு முடிந்து பிரசங்கமும் முடிந்திருந்தது. கனமான கதவை இரண்டு கையாலும் இழுத்தாள். பிடியில் இரத்தம் ஒட்டியது. நிலைப்படிக்கு வெளியே காலை வைத்து நின்றாள்.

ஞானஸ்நானத் தொட்டியருகே ஹெர்போர்க் குழந்தையோடு நின்றிருந்தாள். பக்கத்தில் ஷூர். புதிதாக நகரத்திலிருந்து வந்த இளம் பாதிரியார், "குழந்தையின் பெயர் என்ன?" என்று கேட்டார்.

ஹெர்போர்க் வாயைத் திறந்தாள்.

"சின்னேவா" என்றது வாசல்.

கோயிலில் இருந்த அத்தனை தலையும் திரும்பியது. பாதிரியார் கண்ணைச் சுருக்கிப் பார்த்தார். "யாரம்மா அது?"

"அந்தப் பிள்ளையைப் பெத்தவ."

"உள்ள வாங்களேன். குளிருதே."

"வரமாட்டேங்க. நீங்க இன்னும் என்னைக் கையப் பிடிச்சு உள்ள அழைச்சுட்டுப் போகலை. இப்ப நான் உள்ள கால் வெச்சா, தீட்டோட வந்தா, ஞானஸ்நானமே செல்லாதுன்னு எங்க அத்தை நாளைக்குச் சொல்லுவாங்க. நான் இங்கயே நிக்கறேன். பேரு சின்னேவா."

ஆண்கள் பக்கம் யாரோ சிரிப்பை இருமலாக மாற்றினார்கள். பாதிரியாருக்கு என்ன செய்வதென்று தெரியவில்லை. சுமந்து வந்தவளைப் பார்த்தார். அவள் முகம் கல்லாக இருந்தது. கடைசியில் ஷூரிடம் திரும்பி, "தகப்பனார் நீங்க சொல்லுங்க" என்றார்.

வாழ்நாள் முழுக்க யாருக்கும் இல்லை சொல்லாதவன் ஷூர். இப்போது இரண்டு பேரில் ஒருத்திக்குச் சொல்லியாகவேண்டும். அம்மாவைப் பார்த்தான். பிறகு வாசலைப் பார்த்தான். விறைத்த பாவாடையிலிருந்து வாசற்கல்லில் தண்ணீர் சொட்டுவது அங்கிருந்தே தெரிந்தது.

"சின்னப் படகுலயா வந்தே?" என்றான், கோயில் என்பதையே மறந்து.

"வேற எதுல வருவேன்?"

"காத்து அடிச்சுதே."

"ஆமா, அடிச்சுது."

ஷூர் தொண்டையைச் செருமினான். "அவ சொல்றதுதாங்க பேரு" என்றான் பாதிரியாரிடம். "அம்மா, நீங்களே சொல்லிடுங்க."

 பிடிக்காத வேலையைக்கூட அரைகுறையாகச் செய்யாத பொம்பளை ஹெர்போர்க். குழந்தையைத் தொட்டிக்கு மேல் சரியாகப் பிடித்து, தலைக்குல்லாயை அவிழ்த்து, கடைசி வரிசை வரைக்கும் கேட்கிற குரலில், "சின்னேவா" என்றாள்.

பிள்ளை வீறிட்டு அழுதது. குன்ஹில் கதவைச் சாத்திக்கொண்டு, வெளியே முகப்பில் கிடந்த பலகையில் உட்கார்ந்தாள். 

கூட்டம் வெளியே வந்தபோது முதலில் வந்தது ஹெர்போர்க்தான். பிள்ளையை மருமகள் மடியில் வைத்தாள்.

"படகைக் கட்டினியா?"

"கட்டினேன்."

"ரெண்டு கயிறுலயா?"

"ரெண்டு கயிறுலதான்."

"கரண்டி கிடையாது, சொல்லிட்டேன்."

"மரக்கரண்டி போதும் அத்தை."

கரண்டி அந்த ஆணிக்கே திரும்பிப் போனது. ஹெர்போர்க் கண்ணை மூடும் வரைக்கும் அங்கேயே தொங்கியது. இரண்டு பேரும் ஒரே வீட்டில், ஒரே அடுப்பில், சண்டை போட்டுக்கொண்டும் போடாமலும் வெகுகாலம் இருந்தார்கள். வேடிக்கை என்னவென்றால், குன்ஹில் தனியாகக் கடலைக் கடந்த கதையை இரண்டு கரையிலும் பரப்பியது ஹெர்போர்க்தான். போகிற வீட்டில் எல்லாம் சொல்வாள். ஒவ்வொரு தடவையும் காற்று கொஞ்சம் கூடும். "என் மருமக" என்றுதான் ஆரம்பிப்பாள். 'குன்ஹில் மாதிரி இரு' என்று சொல்லிப் பெண்களை அடக்கிய ஊர், அப்படிச் சொல்வதை மெல்ல விட்டுவிட்டது. சொன்னால் வேறு மாதிரி ஆகிவிடும் என்று பயம்.

ஆனால் அதெல்லாம் பிற்பாடு. அன்றைக்கு முகப்பில், பெண்கள் பக்கத்தின் கடைசி வரிசையிலிருந்து, எல்லாரும் போன பிறகு, சின்னேவா வந்தாள். உள்ளே தன் பெயர் அத்தனை பேர் காதிலும் விழுந்தபோது தலையைக் குனிந்தவள், இன்னும் சரியாக நிமிரவில்லை. மகள் மடியில் கிடந்த சின்னச் சின்னேவாவை முதலில் பார்க்கவில்லை. பிள்ளையை அணைத்திருந்த கைகளைத்தான் பார்த்தாள். மண்டியிட்டு உட்கார்ந்து, தன் தலையில் கட்டியிருந்த துணியை அவிழ்த்தாள்.

"குன்ஹில், கையைக் காட்டு."

பிரசவத்திலும் அழாத, நடுக்கடலிலும் அழாத குன்ஹில் அப்போது அழுதாள். அம்மா துணியைக் கிழித்து உள்ளங்கையைச் சுற்றிக் கட்டிக்கொண்டிருந்தாள்.

"என்னம்மா சொல்லிக் கூப்பிட்ட?"

"பேரைச் சொல்லித்தான்டி கூப்பிட்டேன்" என்றாள் சின்னேவா, முடிச்சை இறுக்கிக்கொண்டே. "உன் பேருதானே அது. வேற யாரு பேரு?"